ஸமனும் கீமத்தும்: கோல்கொண்டா வைரத்தின் பழைய விலையைக் கணித்தல்

செங்கல்பட்டுக் கோட்டையை ஒட்டிக் கொளவாய் ஏரி விரிந்து கிடக்கிறது. அங்கிருந்து கிழக்கே ஏறத்தாழ 30 கிலோமீட்டர் சென்றால் மாமல்லபுரம். அதற்கு வடக்கே, தமீமுல் அன்ஸாரி (ரலி) அவர்களின் பெயரால் விளங்கும் தர்காவைத் தன்னகத்தே கொண்ட கோவளம். தெற்கே, டச்சுக்காரர் கோட்டை கட்டித் துணி வாங்கிய சதுரங்கப்பட்டினம். விஜயநகர மரபினர் எழுப்பிய செங்கல்பட்டுக் கோட்டை 17ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் கோல்கொண்டா குத்புஷாஹி அரசின் கைக்கு வந்தது. 1687இல் கோல்கொண்டா வீழ்ந்தபின் முகலாயரிடமும், அவர்வழி ஆர்க்காட்டு நவாபுகளிடமும் சென்றது. 1752இல் கிளைவ் கோவளத்தையும் செங்கல்பட்டையும் ஒருசேரக் கைப்பற்றினார். இவ்வரலாற்றில் நம் கருத்தைக் கவர்வது ஒன்று. ஒரு தலைமுறைக்கு மேலாகப் பாலாற்றங்கரையையும் கிருஷ்ணை ஆற்றங்கரையின் கொல்லூர் வைரச் சுரங்கத்தையும் ஆண்டது ஒரே சுல்தானின் அரசு. இக்கரையில் வைரம் விளையவில்லை. ஆயினும் வைரம் பணமாக மாறிய சந்தைகளுள் முதன்மையானவை மசூலிப்பட்டினம், பழவேற்காடு, சென்னைப்பட்டினம் என இதே சோழமண்டலக் கரையில்தான் அமைந்திருந்தன.

அந்த வைரங்கள் இன்றைய பணத்தில் எவ்வளவு பெறும் என்னும் வினா நம் மேடைகளிலும் இதழ்களிலும் அடிக்கடி எழுகிறது. முஸ்லிம் மன்னர்களின் செல்வச் செழிப்பைப் பெருமையாகச் சொல்ல விரும்புவோர் இத்தனை ஆயிரம் கோடி என்கின்றனர். அவர்களைக் கொள்ளையர் எனச் சாட விரும்புவோரும் அதே எண்ணையே எடுத்தாள்கின்றனர். பெருமைக்கும் பழிக்கும் ஒரே கணக்கு பயன்படுகிறதென்றால் அக்கணக்கு எங்கிருந்து வந்தது என ஆராய்வது கடமையாகிறது. அவ்வாறு ஆராயப் புகுந்தால், பெரும்பாலான எண்கள் எவரும் கொடுக்காத, எவரும் பெறாத விலைகள் என்பது தெரிய வருகிறது.

இதனைத் தெளிவாகப் பேசுவதற்கு வேண்டிய சொற்களை நமது ஃபிக்ஹு நூல்கள் முன்னரே வகுத்து வைத்துள்ளன. வாங்குபவரும் விற்பவரும் மனமொத்து உறுதி செய்த தொகை ‘ஸமன்’. அப்பொருள் சந்தையில் எவ்வளவு பெறும் என விவரமறிந்தோர் மதிப்பிட்டுச் சொல்லும் தொகை ‘கீமத்’. முன்னது நடந்த நிகழ்ச்சி. பின்னது ஒருவரது தீர்ப்பு. மேலும், ஒன்றுக்கு ஒன்று ஈடாக நிற்கும் நெல், எண்ணெய் போன்ற பொருள்களை ‘மிஸ்லீ’ என்றும், ஒன்றைப்போல் மற்றொன்று இராத பொருள்களைக் ‘கீமீ’ என்றும் ஃபுகஹாக்கள் பிரித்தனர். இரத்தினங்கள் இரண்டாம் வகையைச் சேர்ந்தவை. பிறர் உடைமையைப் பறித்தவன் அதனை அழித்துவிட்டால் எந்த நாளின் மதிப்பைக் கொடுக்க வேண்டும் என்ற கேள்விக்கு, பறித்த நாளின் மதிப்பு என ஹனஃபி மத்ஹபும், பறித்ததிலிருந்து அழிந்தது வரையில் எட்டிய மிக உயர்ந்த மதிப்பு என ஷாஃபிஈ மத்ஹபும் விடை கூறின. விடைகள் வேறுபடினும், நாளும் இடமும் குறிக்காத மதிப்பு மதிப்பாகாது என்பதில் இருசாராரும் ஒன்றுபடுகின்றனர். இமாம் நவவியின் ‘மின்ஹாஜ்’, பெரிய முத்து, மாணிக்கம் போன்ற கிடைத்தற்கரிய பொருள்களில் முன்பணம் கொடுத்துப் பின்னர்ப் பொருள் பெறும் ஸலம் வணிகம் செல்லாது என்கிறது. கிடைப்பது அரிதானதால், குறித்த தவணையில் அதனை ஒப்படைக்க முடியும் என்னும் நம்பிக்கைக்கு இடமில்லை. பெரிய வைரங்களுக்கு ‘சந்தை நிலவரம்’ என ஒன்று இருந்ததுபோல் எழுதுவோர் இவ்விதியை ஊன்றிப் படித்தல் நலம்.

விலைக்கு முன் எடையைப் பார்க்க வேண்டும். தென்னாட்டு வைர வணிகத்தின் எடையலகு மஞ்சாடி. போர்ச்சுகீசியரும் பின்வந்த ஐரோப்பியரும் அதனையே ‘மாங்கெலின்’ எனத் திரித்து வழங்கினர். தஞ்சைப் பெரிய கோயிலில் முதலாம் இராசராசன் காலத்துக் கல்வெட்டுகள் ஆபரணங்களைக் கழஞ்சு, மஞ்சாடி, குன்றி எனும் அளவுகளில் நிறுத்து, பதித்த வைரங்களின் எண்ணிக்கையையும் தன்மையையும் குறித்து, மதிப்பைக் காசுக் கணக்கில் தருகின்றன. கழஞ்சில் இருபதில் ஒரு பங்கு மஞ்சாடி; மஞ்சாடியில் பாதி குன்றி. அரபுலகில் கீராத்தும் மிஸ்காலும், தில்லியில் ரத்தியும் வழங்கின. 17ஆம் நூற்றாண்டின் பிரெஞ்சு வணிகர் ழான் பத்தீஸ்த் தவெர்னியே, கோல்கொண்டாவிலும் பீஜப்பூரிலும் ஒரு மஞ்சாடி 1 3/8 காரட் என்றும், சுரங்கத்தில் அதுவே 1 3/4 காரட் என்றும், கோவாவில் வேறு என்றும் எழுதுகிறார். ஒரே பெயர், மூன்று எடை. இந்த வேறுபாடு எவ்வளவு பெரிய பிழைக்கு வழிவகுக்கும் என்பதைப் பின்னர்க் காண்போம்.

விலைபற்றிய முஸ்லிம் அறிஞர்களின் எழுத்து தவெர்னியேவுக்கு ஆறு நூற்றாண்டு முந்தியது. கஸ்னியின் மவ்தூத் சுல்தானுக்காக அல்-பீரூனி எழுதிய ‘கிதாபுல் ஜமாஹிர்’, கற்களின் தன்மையோடு விலைகளையும் பேசுகிறது. அவ்விலைகள் காலத்தாலும் இடத்தாலும் மாறுபவை என்ற தெளிவும் அவரிடம் இருந்தது. 13ஆம் நூற்றாண்டில் அத்-தீஃபாஷி தமது இரத்தின நூலில் ஒவ்வொரு கல்லுக்கும் விலைக்கெனத் தனிப்பகுதி ஒதுக்கினார். தில்லியில் அலாவுத்தீன் கல்ஜியின் பணியில் இருந்த சமணரான டக்குர பேரு, 1315இல் ‘ரயணபரிக்கா’ என்னும் பிராகிருத நூலில் எடைக்கு எடை விலை ஏறும் அட்டவணையை அமைத்தார். சுல்தானின் இரத்தினக் கருவூலத்தைக் கண்ணாரக் கண்டவர் அவர். மாலிக் காஃபூர் தென்னாட்டுச் செல்வத்துடன் தில்லி திரும்பியது 1311இல் என்பதை நினைத்தால், பேரு கண்ட கற்களில் சில நம் பக்கத்திலிருந்து சென்றவையாக இருக்கலாம். 1526இல் ஹுமாயூனுக்குக் குவாலியர் அரச குடும்பத்தார் அளித்த பெரும் வைரத்தைப் பற்றி பாபர் குறிப்பிடுவது அனைவரும் அறிந்ததே. உலகம் முழுமைக்கும் இரண்டரை நாள் செலவு என்று மதிப்பீட்டாளர்கள் கூறினராம். அதனை நாணயமாக மாற்ற முயல்வது வீண். பாபரும் அதனைக் கணக்காகக் கருதியதாகத் தெரியவில்லை. எடையை மட்டும் 8 மிஸ்கால் எனத் திட்டமாகக் குறித்தார்.

ஸமன் எவ்வாறு உறுதியாயிற்று என்பதற்குச் சுரங்கச் சந்தையைப் பார்ப்போம். விற்பவரும் வாங்குபவரும் எதிரெதிரே வாய் பேசாமல் அமர்வர். ஒருவர் தம் இடைத்துணியை விரித்து அதன் மறைவில் மற்றவரின் கையைப் பிடிப்பார். முழுக்கையைப் பற்றினால் ஆயிரம், ஐந்து விரல்களைப் பற்றினால் 500, ஒரு விரல் 100, விரலின் நடுக்கணு வரை 50, நுனிக்கணு 10. அருகில் பலர் இருந்தும் விலை எவருக்கும் தெரியாது எனத் தவெர்னியே வியக்கிறார். நமக்கு வியப்பில்லை. தமிழ்நாட்டு மாட்டுச்சந்தைகளில் துண்டுக்கடியில் விரல் பிடித்துப் பேசும் தரகு நாமறிந்ததே. கொள்முதல் விலையை வெளிப்படுத்தி இலாபம் வைக்கும் முராபஹாவுக்கு நேர்மாறான முஸாவமா முறை இது, ஷரீஅத்தில் ஆகுமானதே. ஆனால் வரலாற்றாசிரியருக்கு இதனால் பெரும் இடையூறு. உண்மையில் கைமாறிய விலைகள் துணிக்கடியிலேயே மறைந்தன. ஏட்டில் ஏறியவை பெரும்பாலும் மதிப்பீடுகளே. ஏட்டில் ஏறிய இன்னொன்றும் உண்டு: ராவுல்கொண்டா சுரங்கத்தில் ஒரு தொழிலாளிக்கு ஆண்டுக் கூலி 3 வராகன்.

வராகன் என்னும் சொல்லைப் பற்றி இடையே ஒரு குறிப்பு. திருமாலின் பன்றி அவதார முத்திரையால் தமிழில் வராகன் எனப் பெயர் பெற்ற இப்பொற்காசை ஐரோப்பியர் ‘பகோடா’ என்றனர். கோயிலுக்கும் அவர்கள் வழங்கிய பெயர் அதுவே. மாமல்லபுரத்தை அவர்தம் மாலுமிகள் ‘ஏழு பகோடா’ என்றே கடல் வரைபடங்களில் குறித்தனர்.

இனி மதிப்பீட்டுக்கு வருவோம். தவெர்னியே தம் பயண நூலில் ஒரு சூத்திரம் தருகிறார். கல்லின் எடையைக் காரட்டில் கொண்டு அதனை அதனாலேயே பெருக்க வேண்டும்; வருவதை ஒரு காரட் கல்லின் விலையால் மீண்டும் பெருக்க வேண்டும். குறையற்ற கல்லுக்கு ஒரு காரட் 150 லிவ்ர். 12 காரட் கல்லென்றால் 144ஐ 150ஆல் பெருக்கி 21,600 லிவ்ர். சிறு கற்களுக்கு இது பொருந்தியிருக்கலாம். வாங்குவோர் பலர், ஒத்த கற்களும் பல. அவர் இதனையே ஔரங்கசீப்பின் பெருவைரத்துக்கும் பொருத்தினார். 1665 நவம்பரில் அவர் கையில் வாங்கிப் பார்த்த அக்கல் 319 1/2 ரத்தி. ரத்திக்கு 7/8 காரட் வீதம் 279 9/16 காரட். விலை 1,17,23,278 லிவ்ர் 14 ஸோல் 3 லியார். காலணாப் பிசகாத இந்தத் துல்லியம் படிப்போரை மயக்கிவிடுகிறது. 279 காரட் மட்டும் இருந்திருந்தால் 1,16,76,150 லிவ்ர்தான். எனவே மிஞ்சிய 9/16 காரட் மட்டும் 47,128 லிவ்ர் பெறும் என்றும் அவரே கூறுகிறார். அரைக் காரட்டுக்குச் சற்று மேற்பட்ட துணுக்கு எந்தச் சந்தையிலும் அவ்விலை பெறாது. பெருக்கல் வாய்பாடு பெற்ற பிள்ளை அது. ரூபாய்க்கு ஒன்றரை லிவ்ர் என்ற அவரது வீதப்படி மொத்தம் 78 இலட்சம் ரூபாய். கோடிக்கணக்குகளுக்கெல்லாம் மூலஊற்று இந்த எண்ணே.

இதே வகைக் கல்லுக்கு முகலாய அரசவை இட்ட மதிப்பும் பதிவாகியுள்ளது என்பதை எடுத்துக்காட்டுவோர் மிகச் சிலர். கோல்கொண்டாவுக்காகக் கர்நாடகத்தை வென்ற மீர் ஜும்லா, சுரங்கங்களைக் குத்தகைக்கு எடுத்து வளர்ந்த வைர வணிகர். அர்திஸ்தானில் பிறந்த ஈரானியர். 1652இல் கண்டிக்கோட்டையில் தவெர்னியே அவரைச் சந்தித்தபோது, சிறு கற்கள் நிறைந்த பொட்டலங்களைக் காட்டி இவை உங்கள் நாட்டில் விலைபோகுமா என வினவினார். அவர் 1656இல் (ஹிஜ்ரி 1066) ஷாஜஹானின் பணியில் சேர்ந்து பேரரசருக்கு ஒரு வைரத்தைக் காணிக்கையாக்கினார். அரசவை வரலாற்றின்படி அது 9 டாங்க், அதாவது 216 ரத்தி. மதிப்பு 2,16,000 ரூபாய். ரத்திக்கு ஆயிரம். தவெர்னியே கண்ட கல்லும் இதுவும் ஒன்றா என்பதில் ஆய்வாளரிடையே கருத்து வேறுபாடு உண்டு. நம் நோக்கத்துக்கு அது தடையன்று. 216 ரத்தியைத் தவெர்னியேவின் வீதப்படி 189 காரட் எனக் கொண்டு அவரது சூத்திரத்தைச் செலுத்தினால் 35,72,100 ரூபாய் வருகிறது. அரசவை மதிப்பைப்போல் பதினாறரை மடங்கு! ரத்தியை 7/8 காரட்டாகக் கொள்ளாமல், பொற்கொல்லர் வழக்கிலுள்ள ஏறத்தாழ 0.6 காரட்டாகக் கொண்டால் பதினாறரை மடங்கு எட்டு மடங்குக்கும் கீழே இறங்கிவிடுகிறது. எடையைத் தன்னால் பெருக்கும் முறையில் எடையின் பிழையும் தன்னால் பெருகும்.

அரசவை மதிப்பும் கீமத்தே, ஸமனன்று. ஆயினும் அதை இட்டோர் கற்களை நாள்தோறும் கையாண்ட ஜவ்ஹரிகள். காணிக்கையின் மதிப்பு அதைத் தந்தவரின் தகுதிக்கும் அளவுகோலாதலின், அதனைக் குறைத்துச் சொல்ல அவர்களுக்குக் காரணமில்லை.

உண்மையான ஸமன் ஒன்று பெரிய வைரத்துக்குக் கிடைக்கிறதென்றால் அது சென்னைப்பட்டினத்தில் 1702இல் உறுதியானது. கோட்டையின் ஆளுநர் தாமஸ் பிட். விற்றவர் ஜம்சந்த் என்னும் பெருவணிகர். கல் முந்நூறுக்குச் சற்று மேற்பட்ட மஞ்சாடி. ஐரோப்பியக் கணக்கில் 410 காரட். இரண்டையும் வகுத்துப் பார்த்தால் மஞ்சாடி ஒன்றேகால் காரட்டுக்கு மேல் 1 3/8 காரட்டை ஒட்டி வருகிறது. அந்த அளவில் தவெர்னியே நம்பத்தக்கவரே. ஜம்சந்த் முதலில் கேட்டது 2,00,000 வராகன். நீண்ட பேரத்துக்குப்பின் முடிந்தது 48,000 வராகன். வராகனுக்கு 8 ஷில்லிங் 6 பென்ஸ் வீதம் 20,400 பவுன். இவ்விவரம் பிட் 1710இல் நார்வேயின் பெர்கன் நகரில் எழுதிய வாக்குமூலத்தால் தெரிகிறது. மிரட்டிப் பறித்தார் என்ற பழியை மறுக்கவே அதனை எழுதினார். தன் நலத்துக்கான சாட்சியத்தைக் காழி ஏற்பதில்லை. நாமும் அதனை எச்சரிக்கையோடுதான் கொள்ள வேண்டும். எனினும் அவர் சொன்ன தொகை உண்மைக்குக் குறைவாக இருப்பதற்கில்லை. மலிவாகப் பறித்தார் என்பதே குற்றச்சாட்டாதலால், விலையைக் கூட்டிக் காட்டவே அவருக்கு முகாந்திரம் இருந்தது.

இத்தொகையின் கனத்தை அறிய, அதே ஊரில் அதே காலத்தில் வழங்கிய பிற தொகைகளுடன் ஒப்பிடுவதே சரியான வழி எனக் கருதுகிறோம். 1672இல் கோல்கொண்டா அதிகாரி நெக்னாம் கானுடன் செய்த உடன்படிக்கைப்படி சென்னைப்பட்டினத்துக்குக் கம்பெனி செலுத்திய ஆண்டு வாடகை 1,200 வராகன். அந்தக் கல் நகரத்தின் 40 ஆண்டு வாடகை. பேரம் நடந்த அதே பருவத்தில், 1702 பிப்ரவரி முதல் மே வரை, முகலாயத் தளபதி தாவூத் கான் பன்னி நகரை முற்றுகையிட்டிருந்தார். முற்றுகையை விலக்கிக்கொள்ளப் பேசி முடித்த தொகை 25,000 ரூபாய். சுமார் 7,000 வராகன். நகரை மீட்டதைப்போல் ஏறத்தாழ ஏழு மடங்கு ஒரு கல்லுக்குச் சென்றது. சுரங்கத் தொழிலாளியின் கூலியில் அளந்தால் 16,000 பேரின் ஓராண்டு உழைப்பு. (கோல்கொண்டா வராகனும் சென்னை வராகனும் மாற்றில் சற்றே வேறுபட்டவை, இந்த ஒப்பீட்டைக் குலைக்கும் அளவுக்கன்று.) தங்கத்தில் நிறுத்தால் அது ஏறத்தாழ 130 கிலோ பசும்பொன். இந்த நான்கு அளவுகோலும் நான்கு வேறு விடை தருகின்றன. பொன்னின் எடையை மட்டும் எடுத்து இன்றைய கிராம் விலையால் பெருக்குவோர், மூன்று வராகனுக்கு ஓர் ஆண்டு உழைத்த மனிதனைக் கணக்கிலிருந்து விட்டுவிடுகின்றனர்.

கற்கள் எதற்கு ஈடாக வாங்கப்பட்டன என்பதும் விலையின் ஒரு பகுதியே. இலண்டனிலிருந்தும் லிவோர்னோவிலிருந்தும் வந்த யூத வணிகர்கள் மத்தியதரைக் கடலின் பவளத்தைக் கொண்டுவந்து விற்று, அப்பணத்தில் வைரம் வாங்கினர். சென்னை ஜார்ஜ் டவுனில் பவளக்காரத் தெரு இன்றும் அப்பெயரோடு இருக்கிறது. பவளம் மலிந்தால் வைரத்தின் விலை ஏட்டில் ஏறியதுபோல் தோன்றும், உண்மையில் ஏறியிருக்காது.

பிட் கல்லை இலண்டனில் அறுக்கச் செய்ததில் 410 காரட் 136 3/4 காரட்டாகக் குறைந்தது. வாங்குவாரைத் தேடிப் பதினைந்து ஆண்டுகள் காத்திருந்தார். 1717இல் பிரான்சின் ஆட்சிப் பொறுப்பாளரான ஓர்லியான் கோமகன் 1,35,000 பவுனுக்கு வாங்கினார். ‘ரீஜென்ட்’ வைரம் என்ற பெயர் அதனால் வந்ததே. பின்னர் 1720களில் பிரேசிலில் வைரம் கண்டெடுக்கப்பட்டுச் சந்தை ஆட்டம் கண்டது. அச்சத்தில் இருந்த வணிகருக்கு நம்பிக்கையூட்ட டேவிட் ஜெஃப்ரீஸ் என்னும் இலண்டன் நகைவணிகர் 1750இல் ஒரு நூல் எழுதி, அதே வர்க்கச் சூத்திரத்தை மீண்டும் நிலைநாட்டினார். அறுத்த கல்லுக்குக் காரட் 8 பவுன்; அறுக்காததற்கு 2 பவுன். அதன்படி ரீஜென்ட் 1,49,605 பவுன் பெறும் என்றார். விற்ற விலைக்கு ஓரளவு அருகில் வருவதால் சூத்திரம் மெய்ப்பிக்கப்பட்டது எனச் சிலர் எழுதினர். ஆனால் அறுக்காத கல்லுக்கு அவர் தந்த வீதத்தைச் சென்னையில் விற்ற 410 காரட்டுக்குச் செலுத்தினால் 3,36,200 பவுன் வருகிறது. ஜம்சந்த் பெற்றதோ 20,400. இங்கும் பதினாறரை மடங்கு!

மீர் ஜும்லாவின் கல்லுக்கும் ஜம்சந்தின் கல்லுக்கும் ஒரே விகிதம் வந்தது தற்செயலே. ஒன்று காணிக்கை, மற்றது விற்பனை. ரத்தியின் எடையை மாற்றினால் முதல் விகிதமே மாறிவிடுவதையும் கண்டோம். எனினும் இரண்டும் ஒரே பக்கம் சாய்வது தற்செயலன்று. சூத்திரம் எடை கூடக்கூட விலையை ஏற்றிக்கொண்டே போகிறது; வாங்கும் வல்லமை உள்ளோரின் எண்ணிக்கையோ எடை கூடக்கூடக் குறைந்துகொண்டே போகிறது. 410 காரட் கல்லை வாங்கக்கூடியவர்கள் உலகில் ஒரு கைவிரல் எண்ணிக்கைக்குள் அடங்குவர். அவர்களை எட்டும் வழி சென்னையில் பிட்டுக்கு இருந்தது, ஜம்சந்துக்கு இருக்கவில்லை. இடம் மாறியதால் விலை மாறியதென்பதைவிட, வாங்குவோரை அறிந்தவர் கைக்குக் கல் மாறியது என்பதே பொருந்தும்.

ஆகவே கோல்கொண்டா சுல்தான்களின், முகலாயரின், நவாபுகளின் கருவூலம் பற்றிய எண்ணொன்றைக் காணும்போது, அது எந்த நாணயம், எந்த ரத்தி, எந்த ஊர், யார் கணித்தது, விற்பனை நடந்ததா என்று கேட்காமல் அதனை எடுத்தாளக்கூடாது. வணிகச் சரக்காக வைத்துள்ள இரத்தினங்களுக்கு ஜகாத் கணக்கிடும் நம் வணிகப் பெருமக்கள் இதனை நன்கு அறிவர். ஹவ்ல் நிறைவடையும் நாளில் உள்ளூர்ச் சந்தை தரும் மதிப்பே அவர்களுக்குக் கணக்கு. வாங்கிய விலையோ நூலிலுள்ள விலையோ அன்று.

ரீஜென்ட் வைரத்துக்கு 1791இல் பிரெஞ்சு அரசின் கணக்கெடுப்பு 1,20,00,000 லிவ்ர் என்று மதிப்பிட்டது. அப்பொழுது அதனை விற்கவில்லை. பின்வந்த அரசுகள் போர்ச் செலவுக்காக அதனை அடகு வைத்து மீட்டன. 1887 முதல் அது பாரிசின் லூவ்ர் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. 2025 அக்டோபரில் அங்கு அரச நகைகள் திருடு போனபோது அக்கல் தப்பியது. உடனே செய்தித்தாள்கள் அதற்கும் ஒரு விலை எழுதின. 1717க்குப் பின் அதற்கு எழுதப்பட்டவை யாவும் கீமத்தே. விற்பனை விலை என்று அதற்கு உள்ளவை இரண்டு: ஓர்லியான் கோமகன் கொடுத்தது ஒன்று, சென்னைப்பட்டினத்தில் ஜம்சந்த் எண்ணி வாங்கிச் சென்ற 48,000 வராகன் மற்றொன்று.